‘தனிமனிதவாதம்’ என்றால் ஏன் வசவு போலத் தொனிக்கிறது?

#1 – சொல்தேடி

அரசியல் சிந்தனை வரலாறு பற்றிய ஒரு நூலை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். பதிப்பகம் ராயப்பேட்டையில் இருக்கிறது. புத்தகக் காட்சிக்குள் கொண்டுவந்துவிட வேண்டும் என்று நெருக்குகிறார்கள். நானோ முதல் அத்தியாயத்தையே தாண்டவில்லை. ‘இண்டிவிஜுவலிசம்’, ‘கலெக்டிவிசம்’ என்ற இரண்டு சொற்கள்தான் காரணம். தனிமனிதவாதம், கூட்டுவாதம் என்று போட்டேன். மெய்ப்புப் பார்க்கும் அம்மையார் பக்க ஓரத்தில் பென்சிலால் எழுதி அனுப்பிவிட்டார்: “முதலாவது யாரையோ திட்டுவது போல இருக்கிறது. இரண்டாவது பால் கூட்டுறவுச் சங்கம் போல இருக்கிறது.”

மறுக்க முடியவில்லை. தனிமனிதத் துதி, தனிமனித வழிபாடு, தனிமனிதத் தாக்குதல் என்று நாம் அந்தச் சொல்லை எடுத்தாலே கெட்டதற்குத்தான் எடுக்கிறோம். ‘கூட்டு’ என்றாலோ கூட்டுக் குடும்பம், கூட்டாஞ்சோறு, கூட்டு முயற்சி என எல்லாமே வயிறு நிறைந்த சொற்கள். எந்தப் பக்கமும் சாயாத ஒரு சொல் யாரிடமாவது உண்டா?

#2 – திண்ணைவாசி

கூட்டுச்சதியையும் கூட்டுக்கொள்ளையையும் விட்டுவிட்டீர்களே ஐயா.

#3 – கன்னிமரா வாசகி

சொல்தேடி, உங்கள் அம்மையாரின் காது சரியான காது. அந்தச் சொல் பிறந்ததே வசவாகத்தான். பிரெஞ்சுப் புரட்சி முடிந்து, 1820-களில், அங்கே இரண்டு எதிரெதிர் முகாம்கள் ஒரே சொல்லைக் கல்லாக எடுத்து எறிந்தன. மன்னராட்சியையும் திருச்சபையையும் மீட்க நினைத்தவர்கள் ஒரு பக்கம். சான் சிமோனின் சீடர்களான தொடக்ககாலச் சோசலிஸ்டுகள் மறுபக்கம். புரட்சி மனிதர்களை உதிரி உதிரியாக்கிவிட்டது என்பது இருவரின் புலம்பலும். மருந்து மட்டும்தான் வேறு. ‘நான் தனிமனிதவாதி’ என்று அப்போது யாரும் மார்தட்டிக்கொள்ளவில்லை.

ஆங்கிலத் தத்துவவாதி லாக் 1689-இல் எழுதியபோதும், பிரெஞ்சில் எழுதிய தத்துவவாதி ரூசோ 1762-இல் ‘சமூக ஒப்பந்தம்’ எழுதியபோதும் இந்தச் சொல்லே கிடையாது. நாம்தான் பின்னால் போய் அவர்கள் கழுத்தில் பலகை மாட்டினோம். ரூசோவுக்கு எந்தப் பலகை மாட்டுவது என்பதில் இன்றுவரை அடிதடி. பொதுவிருப்பத்துக்கு, அதாவது பொதுநலனை நாடும் சமூகத்தின் விருப்பத்துக்கு, கட்டுப்பட மறுப்பவனைக் கட்டாயப்படுத்திச் சுதந்திரமானவனாக்க வேண்டும் என்று சொன்னவரும் அவர்தான். தனித்து நடந்துபோகும் மனிதனின் மனத்தை எழுதிக் காட்டியவரும் அவர்தான்.

உங்களுக்கு ஆறுதலான செய்தி ஒன்று. பிரெஞ்சுச் சிந்தனையாளர் தோக்வில் அமெரிக்க ஜனநாயகம் பற்றி எழுதிய நூலின் இரண்டாம் பாகம் 1840-இல் வந்தது. அதை ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்த ஹென்றி ரீவ் இதே இடத்தில் திணறினார். ஆங்கிலக் காதுக்கு விசித்திரமாக இருந்தாலும் ஈடான சொல் கிடைக்காததால் மூலச் சொல்லையே வைத்துக்கொள்கிறேன் என்று அடிக்குறிப்புப் போட்டுத் தப்பித்தார். ஆக, ஆங்கிலத்துக்கே அது இரவல் சரக்கு.

‘கலெக்டிவிசம்’ இன்னும் வேடிக்கை. உலகத் தொழிலாளர் அமைப்பான முதல் அகிலத்தின் 1869 பாசல் மாநாட்டையொட்டி நிலம் யாருக்கு என்ற சண்டை நடந்தபோது, அரசே வேண்டாம் என்ற ரஷ்யரான பக்கூனினின் பக்கத்து ஆட்கள் தங்களைக் கூட்டுடைமையாளர்கள் என்று அழைத்துக்கொண்டார்கள். எதற்காக? அரசு எல்லாவற்றையும் எடுத்துக்கொள்ளும் பொதுவுடைமையிலிருந்து தங்களைப் பிரித்துக் காட்ட! இன்று அச்சொல்லைக் கேட்டதும் நமக்கு அரசுதான் நினைவுக்கு வருகிறது.

இந்த இரண்டையும் தராசின் இரு தட்டுகளாக வைத்தவர்களில் முக்கியமானவர் டைசி என்ற ஆங்கிலேயச் சட்ட அறிஞர். 1905-இல் வந்த நூலில் பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் பழமைவாதத் தேக்கக் காலத்துக்குப் பின் வந்ததைத் தனிமனிதவாதக் காலம், கூட்டுவாதக் காலம் என்று கூறுபோட்டார். தொழிற்சாலைச் சட்டம், கட்டாயக் கல்வி, தொழிற்சங்க உரிமை எல்லாம் இரண்டாவது கூறில் விழுந்தன. அவருக்கு அது பிடிக்கவில்லை என்பதையும் அவர் மறைக்கவில்லை.

#4 – ஓஎம்ஆர் ஊழியன்

இவ்வளவு சுற்ற வேண்டுமா? எங்கள் அலுவலகத்தில் வெளிநாட்டு வாடிக்கையாளர்களோடு பேசுவதற்குப் பயிற்சி கொடுத்தபோது ஒரே படத்தில் விளக்கிவிட்டார்கள். ஹாஃப்ஸ்டெட் என்ற டச்சு அறிஞர் ஐபிஎம் ஊழியர்களிடம் கருத்துக் கேட்டு, 1980-இல் தனிமனிதவாதத்துக்கு நாடுவாரியாகப் புள்ளி போட்டிருக்கிறார். அமெரிக்கா உச்சியில், நாமெல்லாம் கீழே. நாம் குடும்பத்துக்காக வாழ்கிறவர்கள், அவர்கள் தமக்காக வாழ்கிறவர்கள். முடிந்தது.

#5 – வேளச்சேரி மூன்றாம் மாடி

ஊழியன் தம்பிக்கு: எங்கள் அடுக்ககத்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை வாருங்கள். 2019 கோடையில் ஏரிகள் வறண்டு, குழாயில் காற்று வந்த மாதங்களில், முப்பத்தாறு வீடுகளும் சேர்ந்து மூன்று கூட்டம் போட்டோம். பொதுக் கிணற்றைத் தூர் வாரி, மழைநீர்த் தொட்டிகளைச் சரிசெய்யலாம் என்று நான் சொன்னேன். 2003-இலேயே மாநிலம் முழுக்கக் கட்டாயமாக்கப்பட்ட அமைப்புதான். எங்கள் தொட்டியில் மண்ணும் பால் பாக்கெட்டும்தான் இருந்தன. ஒருவர் எழுந்து, “என் குடும்பத்துக்கு நான் தனியாகத் தண்ணீர் லாரி சொல்லிக்கொள்கிறேன், இந்தச் செலவில் என்னைச் சேர்க்காதீர்கள்” என்றார். அடுத்த வாரம் பத்துப் பேர் அதையே சொன்னார்கள். எல்லோரும் தம் குடும்பத்துக்காக உயிரையே கொடுக்கக்கூடியவர்கள். மாடிப்படி விளக்கு பழுதானால் மாற்ற ஒருவரும் வரமாட்டார்கள். உங்கள் படத்தில் இவர்களுக்கு எந்த இடம்?

#6 – கன்னிமரா வாசகி

மூன்றாம் மாடிக்காரர் தெரியாமலேயே தோக்வில்லைச் சொல்லிவிட்டார். தோக்வில் தன்னலத்தையும் தனிமனிதவாதத்தையும் பிரிக்கிறார். தன்னலம் பழைய நோய், குருட்டு வெறி. தனிமனிதவாதம் புதியது, அமைதியானது, யோசித்துச் செய்வது. குடும்பமும் நண்பர்களும் கொண்ட ஒரு சிறு வட்டத்துக்குள் ஒதுங்கி, வெளியே இருக்கும் பெரிய சமூகத்தை அதன் பாட்டுக்கு விட்டுவிடுவதுதான் அவருடைய இலக்கணம். குடும்பத்தையும் உள்ளே வைத்துத்தான் கதவைச் சாத்துகிறான்! ஹாஃப்ஸ்டெட் கணக்கில் கூட்டுவாதியாக வரும் அந்த லாரிக்காரர், தோக்வில் கணக்கில் அசல் தனிமனிதவாதி. தோக்வில் கண்ட மருந்து சங்கங்கள். அமெரிக்கர்கள் எதற்கெடுத்தாலும் சங்கம் கூட்டுவதைப் பார்த்து வியந்துபோனார்.

#7 – உயர்நீதிமன்ற வராண்டா

லாரிக்காரர் பக்கம் சட்டமும் இருந்தது என்பதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். 1882-ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டத்தின்படி, தன் நிலத்துக்கு அடியில் திட்டமான ஓடை வழியில் ஓடாத நீரையெல்லாம் எடுத்துக்கொள்வது நில உரிமையாளரின் உரிமை. என் மண், என் நீர். பக்கத்து மனைக்காரன் நூறு அடி ஆழமாகப் போட்டு உறிஞ்சினால் உங்கள் கிணறு வற்றும். அதுவும் அவன் உரிமை. சென்னைப் பெருநகருக்கென்று 1987-இல் நிலத்தடி நீர் ஒழுங்குமுறைச் சட்டம் வந்ததே இதைக் கட்டிப்போடத்தான். கட்டிப்போட்டதா என்று லாரிகளைத்தான் கேட்க வேண்டும்.

#8 – பெரம்பூர்ப் பேரன்

சங்கம் என்ற பேச்சு வந்ததால் எழுதுகிறேன். என் தாத்தாவின் அப்பா பெரம்பூர்ப் பின்னித் துணி ஆலைத் தொழிலாளி. 1918 ஏப்ரலில் பி.பி. வாடியா தலைமையில் சென்னைத் தொழிலாளர் சங்கம் அமைந்தது; திரு.வி.க.வும் செல்வபதி செட்டியாரும் உடன் இருந்தார்கள். ‘ஸ்ட்ரைக்’ என்ற சொல்லை அன்றைய ஆலைக்காரர்களுக்கு யாரும் மொழிபெயர்த்துத் தரவில்லை, அப்படியே எடுத்துக்கொண்டார்கள். 1923-இல் சிங்காரவேலர் இதே நகரத்துக் கடற்கரையில் மே நாளைக் கொண்டாடினார், இந்தியாவிலேயே முதலாவது. மெரினாவில் நான்கு பேர் பாறையைப் புரட்டும் உழைப்பாளர் சிலை இருக்கிறதே, அந்த நால்வரில் ஒருவன் ‘தனியாகப் புரட்டிக்கொள்கிறேன்’ என்று விலகியிருந்தால் என்னவாகும்? எங்களுக்குக் கூட்டுவாதம் ஒன்றும் இறக்குமதியான தத்துவம் இல்லை. வயிற்றுப்பாடு.

#9 – உயர்நீதிமன்ற வராண்டா

பேரன் தொட்ட இடம் என் தொழிலுக்குள் வருகிறது. பின்னி நிர்வாகம் வாடியா மீது சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்துத் தடையாணை வாங்கியது. காரணம் என்ன தெரியுமா? தொழிலாளி ஒவ்வொருவனும் ஆலையோடு தனித்தனியே ஒப்பந்தம் செய்தவன். அவர்களை ஒப்பந்தத்தை மீறத் தூண்டுவது சட்டப்படி தவறு. நீதிமன்றத்தின் கண்ணுக்குச் சங்கம் தெரியவில்லை. ஆயிரக்கணக்கான தனி ஒப்பந்தங்களே தெரிந்தன. அதாவது அரசே மனிதர்கள் செய்துகொண்ட ஒப்பந்தம் என்ற ஹாப்ஸ், லாக் காலத்து ‘ஒப்பந்தம் செய்யும் மனிதன்’ பெரம்பூர் ஆலை வாசலில் வந்து நின்றான், முதலாளிக்குச் சாட்சி சொல்ல. இந்த வழக்கு கிளப்பிய கொந்தளிப்பு 1926 தொழிற்சங்கச் சட்டத்துக்கு ஒரு முக்கியக் காரணம். அந்தச் சட்டத்தின் 18-ஆம் பிரிவு அந்த வகை வழக்கிலிருந்து சங்கங்களுக்குப் பாதுகாப்பு அளித்தது.

#10 – ஆழ்வார்பேட்டை முதியவன்

எல்லோரும் ஒரே பக்கம் சாய்கிறீர்கள். இருபதாம் நூற்றாண்டில் கூட்டுவாதம் செய்த வேலையையும் சொல்ல வேண்டாமா? பத்தொன்பதாம் நூற்றாண்டு தனிமனிதனுடையது, இது கூட்டின் நூற்றாண்டு என்று 1932-இல் பெருமையோடு எழுதியவர் முசோலினி. அதே ஆண்டில் ஸ்டாலினின் கூட்டுப்பண்ணைத் திட்டம் உக்ரைனில் பஞ்சமாக விடிந்தது. இந்த இரண்டையும் கண்முன் வைத்துத்தான் பொருளியலாளர் ஹாயெக் 1944-இல் ‘அடிமைத்தனத்துக்கான பாதை’யை எழுதினார். திட்டமிடுபவன் நல்லவனாகவே இருக்கட்டும். கோடிக்கணக்கான மனிதர்களின் தலைக்குள் சிதறிக் கிடக்கும் அறிவை ஒரு மேசைக்குக் கொண்டுவர முடியாது என்பது அவர் வாதம். தனிமனிதவாதம் என்றால் தன்னலம் இல்லை என்று விளக்க 1945-இல் டப்ளினில் தனியாக ஒரு உரையே ஆற்றினார்.

நம் ஊர்க் கதையும் உண்டு. 1955 ஜனவரியில் ஆவடியில் காங்கிரஸ் கூடிச் சோசலிசப் பாணிச் சமுதாயம் என்று தீர்மானம் போட்டது. 1959 ஜனவரியில் நாக்பூரில் கூட்டுறவுப் பண்ணை வரை போனது. அந்த ஜூன் மாதமே இதே சென்னையில் எண்பது வயதுக் கிழவர் ராஜாஜி சுதந்திராக் கட்சியை அறிவித்தார். பர்மிட், லைசென்ஸ், கோட்டா ராஜ்யம் என்று அவர் சொன்னபோது சிரித்தவர்கள், ஸ்கூட்டருக்குப் பதிவு செய்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருந்தார்கள். நானும் காத்திருந்தேன்.

#11 – சிவப்புத் துண்டு

முதியவர் ஐயாவுக்கு வணக்கத்துடன். விவசாயியின் தனி உரிமைக்காக 1959-இல் கட்சி கண்ட அதே ராஜாஜிதான் 1953-இல் முதலமைச்சராக இருந்து, பள்ளியில் பாதி நேரம், மீதி நேரம் அப்பன் தொழில் என்று கிராமத்துப் பிள்ளைகளுக்குத் திட்டம் கொண்டுவந்தார். குலக்கல்வி என்று ஊரே கொதித்தது. மறு ஆண்டு காமராசர் வந்ததும் அது போனது. அப்பன் தொழிலைக் கற்கப் போ என்று அரசு சொல்லும்போது அந்தப் பையன் தனிமனிதன் இல்லையா? நிலம் வைத்திருந்தால்தான் தனிமனிதனா?

இன்னொன்று. மார்க்சியம் என்றால் ஆளை அழிப்பது என்று எண்ணுகிறவர்கள் 1848 கம்யூனிஸ்ட் அறிக்கையின் இரண்டாம் பகுதியின் கடைசி வரியைப் படிக்கட்டும். ஒவ்வொருவரின் சுதந்திர வளர்ச்சி எல்லோரின் சுதந்திர வளர்ச்சிக்கும் நிபந்தனை என்று இருக்கிறது. ‘ஒவ்வொருவர்’தான் முதலில் வருகிறார். அந்த அறிக்கை 1931-இல் ‘குடி அரசு’ இதழில் தமிழில் வந்தது.

#12 – ஆழ்வார்பேட்டை முதியவன்

1953 பற்றி உங்களோடு சண்டை போடப் போவதில்லை. அது தவறு. ஆனால் அந்த வரியைச் சுவரில் எழுதிய நாடுகளில் அதைச் சத்தமாகப் படித்தவர்கள் எங்கே போனார்கள் என்றும் சொல்லுங்கள் தோழர்.

#13 – நெறியாளர்

ராஜாஜி, காமராசர் பற்றித் தனி இழை ஏற்கெனவே இருக்கிறது, நானூறு பதிவுகளோடு. தயவுசெய்து இங்கே அதைத் திறக்க வேண்டாம்.

#14 – புளியந்தோப்பு மகள்

இரண்டு நாளாகப் படித்துக்கொண்டிருந்தேன். பெரம்பூர்ப் பேரன் அண்ணன் பின்னிக் கதையைப் பாதியில் நிறுத்திவிட்டார். மீதி எங்கள் வீட்டுக் கதை.

1921-இல் ஆலையில் மாதக்கணக்கில் வேலைநிறுத்தம். ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைக்குத் திரும்பினார்கள். எம்.சி. ராஜா போன்ற எங்கள் தலைவர்கள் அதை ஆதரித்தார்கள். பின்னால் நடந்தது புளியந்தோப்புக் கலவரம். குடிசைகள் எரிந்தன, துப்பாக்கிச்சூடு நடந்தது. நான்கு பேர் புரட்டும் சிலையைக் காட்டினீர்கள். அந்த நால்வரும் வேலை முடிந்து ஒரே தெருவுக்கா திரும்பினார்கள்? ஒரே குழாயிலா தண்ணீர் பிடித்தார்கள்? ‘கூட்டு’ என்று சொல்லும்போது எந்தக் கூட்டு என்று எங்கள் ஆட்கள் கேட்டார்கள், அவ்வளவுதான். கருங்காலி என்று பெயர் கிடைத்தது.

ஐரோப்பியப் புத்தகங்களில் ஒரு முனையில் தனிமனிதன், மறுமுனையில் அரசு. நடுவில் இருந்த பழைய கட்டுகள் அறுந்துவிட்டன என்று ஒருவர் அழுவார், ஒருவர் சிரிப்பார். இங்கே நடுவில் இருப்பது அறுந்ததா? தெருவும் சாதியும் அப்படியே இருக்கின்றன. அதனால்தான் 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் பேசியதை நான் வேறு விதமாகப் படிக்கிறேன். வரைவு அரசியலமைப்பு கிராமத்தைக் கைவிட்டுத் தனிமனிதனை அலகாக எடுத்துக்கொண்டதில் தமக்கு மகிழ்ச்சி என்றார். கிராமம் குறுகிய மனத்தின் குகை என்றார். சபையில் பலருக்குப் பொறுக்கவில்லை. அதே மாதம் நம் ஊர் கே. சந்தானம் திருத்தம் கொண்டுவந்து கிராமப் பஞ்சாயத்தை உள்ளே நுழைத்தார். அதுதான் இன்றைய 40-ஆம் உறுப்பு.

அப்படியானால் அம்பேத்கர் ஹாயெக்கின் ஆளா? 1947-இல் ‘மாநிலங்களும் சிறுபான்மையினரும்’ என்ற அறிக்கையில் நிலத்தை அரசுடைமையாக்கிக் கூட்டுப்பண்ணையாகப் பயிரிட வேண்டும் என்று எழுதியவரும் அவரே. முதலில் இதைப் படித்தபோது எனக்குக் குழப்பம். பிறகு புரிந்தது: ஒருவன் பண்ணையாரின் நிலத்தை நம்பி வாழும்வரை அவனிடம் தனிமனித உரிமைச் சீட்டைக் கொடுத்துப் பயன் இல்லை. அவன் தனிமனிதனாவதற்கு நிலம் கூட்டாக வேண்டியிருந்தது. பெரியார் 1925-இல் தொடங்கிய இயக்கத்தின் பெயரைப் பாருங்கள், சுயமரியாதை. ‘சுய’ என்பதற்கே ஓர் இயக்கம்! ஐயர் இல்லை, சாதி கேட்பதில்லை, இரண்டு பேர் சம்மதம் போதும் என்று நடந்த கல்யாணங்களை 1950-களில் சென்னை உயர் நீதிமன்றம் செல்லாது என்றது. இரண்டு தனிமனிதர்கள் சம்மதித்தால் போதும் என்பதைச் சட்டமாக்க 1967-இல் ஓர் ஆட்சியே மாற வேண்டியிருந்தது.

என் அம்மாவின் கல்யாணம் அப்படிப்பட்டது. இரு வீட்டிலும் ஒருவர் வரவில்லை. சங்கத்து ஆட்கள்தான் வந்தார்கள்.

#15 – பெரம்பூர்ப் பேரன்

தங்கை, பாதியில் நிறுத்தியது உண்மை. வீட்டில் எங்களுக்கு அந்தப் பாதிதான் சொல்லப்பட்டது. மீதியை நானே கேட்டிருக்க வேண்டும்.

#16 – கன்னிமரா வாசகி

இதற்குப் பிறகு புத்தகம் பேசுவது கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது, ஆனாலும் இரண்டு பெயர்கள். லூயி துய்மோன் என்ற பிரெஞ்சு மானுடவியலாளர் மதுரைப் பக்கம் பிரமலைக் கள்ளர்களிடையே தங்கி ஆய்வு செய்தவர். 1966-இல் சாதியைப் பற்றி எழுதியபோது, இந்தியாவில் தனிமனிதனாக நிற்பவன் உலகைத் துறந்த துறவி மட்டுமே என்ற முடிவுக்கு வந்தார். வீட்டை விட்டு ஓடினால்தான் ஆள்! மகள் சொன்ன கல்யாணத்தை அவர் பார்க்கவில்லை போலும். அவர்கள் காவி கட்டவில்லை, ரேஷன் அட்டை வாங்கினார்கள்.

இரண்டாமவர் தத்துவவாதி கார்ல் பாப்பர். 1945-இல் வந்த நூலில் இந்தச் சிக்கலை நறுக்கென்று அவிழ்க்கிறார். தனிமனிதவாதத்துக்கு எதிர்ப்பதம் கூட்டுவாதம். தன்னலத்துக்கு எதிர்ப்பதம் பிறர்நலம். பிளேட்டோ இரண்டு ஜோடிகளையும் வேண்டுமென்றே கலந்துவிட்டார் என்பது அவர் குற்றச்சாட்டு. ஒரு சாதியோ ஒரு நாடோ கூட்டாகவே தன்னலத்தோடு இருக்க முடியும். மூன்றாம் மாடிக்காரரின் முப்பத்தாறு வீடுகளும் ஒன்றுசேர்ந்து பக்கத்துத் தெருவின் நீரை உறிஞ்சினால் அதற்கு என்ன பெயர்?

#17 – உயர்நீதிமன்ற வராண்டா

மகள் சொன்னதோடு ஒரு வழக்கை ஒட்டுகிறேன். கல்லூரி இடங்களைச் சாதி, மதவாரியாகப் பங்கிட்ட சென்னை மாகாண வகுப்புவாரி ஆணைப்படி 14 இடங்களில் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணருக்கு 2, ஹரிஜனங்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர் மற்றும் கிறித்தவருக்கு 1, முஸ்லிம்களுக்கு 1. செண்பகம் துரைராஜன் வழக்கில் 1951-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தள்ளியது. சேர்க்கை உரிமை குடிமகன் என்ற தனி ஆளுக்குத்தான், வகுப்புக்கு இல்லை என்றது. அதே ஆண்டு அரசியலமைப்பின் முதலாவது திருத்தம் வந்து, பிற்படுத்தப்பட்டோருக்குச் சிறப்பு ஏற்பாடு செய்ய இடம் தரும் 15(4) பிறந்தது. அந்த வாதம் இன்னும் ஓயவில்லை. ஒவ்வொரு கல்லூரிச் சேர்க்கைக் காலத்திலும் எங்கள் வராண்டா நிறைகிறது. இதில் ஒரு வேடிக்கை: வகுப்புரிமைக்காக எழுந்த நீதிக்கட்சியின் ஆங்கிலப் பெயர் தென்னிந்திய லிபரல் கூட்டமைப்பு.

#18 – ஓஎம்ஆர் ஊழியன்

படத்தைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். ஆனால் ஆங்கிலத் தத்துவவாதி ஜான் ஸ்டுவர்ட் மில்லைப் பற்றி ஒருவரும் பேசவில்லையே? சுதந்திரத்துக்கு அவர்தானே அப்பன்?

#19 – சிவப்புத் துண்டு

அப்பன் எங்கே வேலை பார்த்தார் தெரியுமா? 1823 முதல் 1858 வரை கிழக்கிந்தியக் கம்பெனியின் லண்டன் அலுவலகத்தில். நம்மை ஆண்ட கம்பெனி. 1859-இல் வந்த சுதந்திர நூலின் முதல் அத்தியாயத்திலேயே, இன்னும் முதிராத சமூகங்களுக்கு இந்தக் கொள்கை பொருந்தாது, அவர்களைத் திருத்தும் நோக்கம் இருந்தால் சர்வாதிகாரமே தகும் என்று விலக்கிவைத்தார். நாம் மைனர் என்று அர்த்தம்.

#20 – ஆழ்வார்பேட்டை முதியவன்

அந்தப் பத்தியைத் தவிர்த்துவிட்டு மற்றதைப் படியுங்கள், தோழர். அரசின் கொடுங்கோன்மையைவிட ஊர் வாயின் கொடுங்கோன்மை ஆபத்தானது என்று எழுதியிருக்கிறார். புளியந்தோப்பு மகளின் தாயாருக்கு அது தெரிந்திருக்கும்.

#21 – சொல்தேடி

ஒரு சொல் கேட்டேன், ஒரு நூலகமே வந்துவிட்டது. எல்லோருக்கும் நன்றி. அம்மையாரிடம் இந்த இழையைக் காட்டினேன். முதலாவதற்குத் ‘தனிமனிதவாதம்’ என்றே வைத்துவிடலாம், வசவாகத் தொனிப்பதும் வரலாறுதான் என்று ஒப்புக்கொண்டார். ஹென்றி ரீவ் போல நானும் ஓர் அடிக்குறிப்புப் போடுகிறேன். இரண்டாவதற்கு ஒரே சொல் போடுவதில்லை என்று முடிவெடுத்தோம். பக்கூனின் வரும் இடத்தில் கூட்டுடைமை. டைசியும் ஹாயெக்கும் வரும் இடத்தில் கூட்டுவாதம். பிறப்பால் வரும் கூட்டத்தைக் குறிக்கும் இடங்களுக்கு இன்னும் சொல் கிடைக்கவில்லை. ‘கட்டு’ என்று போடலாமா என்று யோசிக்கிறேன். ஊர்க்கட்டு, சாதிக்கட்டு என்று வழக்கில் இருக்கிறதே.

#22 – புளியந்தோப்பு மகள்

‘கட்டு’ நன்றாக இருக்கிறது. அவிழ்க்கலாம் என்பதும் அதற்குள்ளேயே இருக்கிறது.

#23 – வேளச்சேரி மூன்றாம் மாடி

வரும் ஞாயிறு மறுபடி கூட்டம். தொட்டி தூர்வார வீட்டுக்கு 1,500 ரூபாய். லாரிக்காரர் வருவதாகச் சொல்லியிருக்கிறார். தோக்வில் பற்றி அவரிடம் பேச மாட்டேன்.